காலமும் நினைவும் கற்பிக்கும் மாயப் பல்கலைக்கழகம் மதுரையில் இருந்தால் அதன் விதிகள் எப்படி இருக்க வேண்டும்?

கேள்வி: குயில்குடிக்காரி

அனைவருக்கும் வணக்கம். காலத்தையும் நினைவையும் மந்திரக் கலையாகக் கற்பிக்கும் ஒரு பல்கலைக்கழகத்தைக் களமாக வைத்து நாவல் ஒன்று எழுதி வருகிறேன். கீழக்குயில்குடியில், சமணர் மலையின் அடிவாரத்தில், தாமரைக் குளத்துக்கும் செட்டிப்புடவு என்ற குகைக்கும் இடைப்பட்ட நிலத்தில், சேர்க்கை பெற்றவர்களின் கண்ணுக்கு மட்டும் தெரிகிற கட்டடமாக அதை நிறுத்தியிருக்கிறேன். அந்த மலையின் வட்டெழுத்துக் கல்வெட்டுகளில் குரண்டித் திருக்காட்டாம்பள்ளி என்ற சமணப் பள்ளியைச் சேர்ந்த ஆசிரியர்களும் அவர்களுடைய மாணாக்கர்களும் பெயர் சுட்டிக் குறிக்கப்படுகிறார்கள். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே குருவும் சீடரும் ஏறி இறங்கிய மலை என்பதால், பல்கலைக்கழகத்துக்கு வேறு இடம் தேட எனக்கு மனம் வரவில்லை.

இடம் அமைந்துவிட்டது, விதிதான் அமையவில்லை. என் கதைநாயகி மூன்றாம் ஆண்டு மாணவி. வைகையில் மூழ்கி இறந்த தம்பியைக் காப்பாற்றுவதற்காகத் தடையை மீறிக் காலத்தில் பின்னோக்கிச் செல்கிறாள். திரும்பி வந்தால் தம்பி உயிரோடு இருக்கிறான்; வீட்டில் ஒருவருக்கும் அவன் இறந்த செய்தியே தெரியாது; அவளுக்கு மட்டும் எல்லாம் நினைவிருக்கிறது. எல்லாரும் மறந்தபோது அவள் மட்டும் மறக்காதது ஏன் என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. கதாசிரியருக்கு வசதி என்பதைத் தவிர வேறு காரணம் தோன்றவில்லை.

அங்கியும் மந்திரக்கோலும் எனக்கு வேண்டாம். இந்த மண்ணில் காலத்தை எப்படி அளந்தார்கள், நினைவை எப்படிப் பழக்கினார்கள் என்பதிலிருந்து பாடத்திட்டமும் மந்திரத்தின் விலையும் முளைக்க வேண்டும் என்று விரும்புகிறேன். அறிந்தவர்கள் சொல்லுங்கள்.

—

பதில்: நாழிகைவட்டில்

உங்கள் வளாகத்தில் மணிக்கூண்டு ஏதும் இருந்தால் முதலில் அதை இடித்துவிடுங்கள். அங்கே ஒரு நாள் என்பது 60 நாழிகை. ஒரு நாழிகை நம் கணக்கில் 24 நிமிடம். ஏழரை நாழிகை ஒரு சாமம். வைகறை, காலை, நண்பகல், எற்பாடு, மாலை, யாமம் என்ற ஆறு சிறுபொழுதுகளுக்கும் தலா பத்து நாழிகை வைத்தால் கணக்கு நேராகும். வகுப்பு அட்டவணையையும் இதன் மேலேயே கட்டலாம். முல்லைக்கு மாலை, குறிஞ்சிக்கு யாமம், பாலைக்கு நண்பகல், நெய்தலுக்கு எற்பாடு என்று இலக்கணம் ஏற்கெனவே வகுத்து வைத்திருக்கிறது. பிரிந்தவரைக் காத்திருந்த நினைவை மாலைப்பொழுதில் மட்டுமே திறக்க முடியும், அதை நண்பகலில் திறக்க முயன்ற மாணவன் கையில் பாலையின் வெம்மைதான் மிஞ்சும் என்று வைத்துக்கொண்டால், அது நீங்கள் வலிந்து புனைந்த விதியாகத் தோன்றாது. தமிழ் படித்த எவருக்கும் அது உடனே உறைக்கும்.

அளக்கும் கருவியை ஆறஅமர விவரிக்குமாறு கேட்டுக்கொள்கிறேன், ஏனென்றால் கதைக்கு வேண்டிய கோளாறு அதற்குள்ளேயே இருக்கிறது. அடியில் ஊசித்துளை இட்ட சிறிய செம்புக் கிண்ணத்தைப் பெரிய பாத்திரத்து நீரில் மிதக்கவிடுவார்கள். துளை வழியே நீர் ஏறி, கிண்ணம் நிறைந்து அமிழ்ந்தால் ஒரு நாழிகை. காவலிருப்பவர் அதை எடுத்துக் கவிழ்த்து, மணியை அடித்துவிட்டு மீண்டும் மிதக்கவிடுவார். ஒரு பகலும் ஓர் இரவும் சேர்ந்தால் அறுபது முறை அமிழ வேண்டும் என்பது சூரிய சித்தாந்தம் தருகிற அளவு. முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனிடம் ‘குறுநீர்க் கன்னல் இனைத்து’ என்று நேரம் அறிவிப்பவர்களும் இத்தகைய நீர்க்கருவியைப் பார்த்தே சொல்கிறார்கள். அந்தப் பாட்டு அவர்களைப் ‘பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்’ என்கிறது. உங்கள் துணைவேந்தருக்குப் பட்டம் ஏதும் சூட்ட நினைத்தால் இதைக் காட்டிலும் பொருத்தமானது கிடைக்காது.

இனிக் கோளாற்றுக்கு வருகிறேன். செம்பில் களிம்பு ஏறும். உப்புத் தண்ணீராக இருந்தால் துளையின் விளிம்பில் வெள்ளையாகப் படிவும் கட்டும். துளை மயிரிழை அளவு சுருங்கினாலும் நீர் ஏறுவது தாமதமாகி நாழிகை நீண்டுவிடும். புளி போட்டுத் துலக்கினால் பழைய அளவுக்குத் திரும்பும்; அழுத்தித் துலக்கினால் துளை அகன்று நாழிகை குறுகிவிடும். மார்கழிக் குளிரில் நீர் சற்றுத் தடிப்பதால் அப்போதும் கிண்ணம் மெதுவாகவே நிறையும். உங்கள் பல்கலைக்கழகத்தில் காலம் இந்தக் கிண்ணத்துக்குக் கட்டுப்பட்டது என்று ஒரு வரி எழுதிவிட்டால், அங்கே மிகுந்த அதிகாரம் உடையவர் பேராசிரியர் அல்லர், கிண்ணத்தைத் துலக்குகிற பணியாளர்தான் என்று ஆகிவிடும். கதைநாயகி தடையை மீறுவதற்கு மந்திரம் எதையும் உச்சரிக்க வேண்டியதில்லை. ஓர் இரவு அவரிடமிருந்து புளியை வாங்கிக்கொண்டால் போதும்.

—

பதில்: திண்ணைச் சட்டாம்பிள்ளை

நாழிகைவட்டில் அவர்கள் காலத்தைப் பார்த்துக்கொண்டார்கள். நான் நினைவைப் பற்றி எழுதுகிறேன்.

திண்ணைப் பள்ளிக்கூடத்தில் நடந்த ஒரு பயிற்சியை உ.வே.சாமிநாதையர் தம் வாழ்க்கை வரலாற்றில் பதிவு செய்திருக்கிறார். மாலையில் பிள்ளைகளை வீட்டுக்கு அனுப்பும்போது உபாத்தியாயர் ஒவ்வொருவருக்கும் ஒரு பூ, ஒரு பறவை, ஒரு விலங்கு, ஓர் ஊர் என்று பெயர்களைச் சொல்லி அனுப்புவார். மறுநாள் வந்ததும் தனக்குத் தரப்பட்டதைப் பிள்ளை பிசகாமல் ஒப்பிக்க வேண்டும். உங்கள் முதலாண்டுக்கு இதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். ஒரே ஒரு மாற்றம் போதும்: இரவில் மாணவன் மறந்துவிட்டால், மறுநாள் அந்தப் பூ அவனுக்கு மட்டும் உலகில் இல்லாமல் போய்விடுகிறது. மல்லிகையை மறந்த பையன் மாட்டுத்தாவணிப் பூச்சந்தையின் நடுவில் நின்றுகொண்டு, இவ்வளவு கூட்டம் எதற்காகக் கூடியிருக்கிறது என்று விளங்காமல் விழிக்கும் காட்சியை நீங்கள் எழுதினால் நான் முதல் ஆளாகப் படிப்பேன்.

மேல்நிலை வகுப்புக்கு அவதானம் இருக்கிறது. ஒருவர் வெண்பாவுக்கு ஈற்றடி கொடுப்பார், மற்றொருவர் கணக்குக் கேட்பார், வேறொருவர் இடையிடையே மணி அடிப்பார், இன்னொருவர் அவதானியின் முதுகில் பூவோ கல்லோ எறிந்துகொண்டிருப்பார். கடைசியில் பாட்டு, விடை, மணியோசை, கல் ஆகிய அனைத்தையும் அவதானி எண்ணிக்கை தவறாமல் ஒப்பிக்க வேண்டும். எட்டைச் செய்தால் அட்டாவதானம், பத்தைச் செய்தால் தசாவதானம், நூற்றைச் செய்தால் சதாவதானம். நாஞ்சில் நாட்டைச் சேர்ந்த செய்குதம்பிப் பாவலர் 1907-இல் சென்னையில் சதாவதானம் நிகழ்த்திக் காட்டியவர். இவையெல்லாம் மந்திரம் சிறிதும் கலவாத மனிதப் பயிற்சி என்பதை மறந்துவிடாதீர்கள். மந்திரம் தொடங்க வேண்டிய எல்லை இதற்கு அப்பால்தான் இருக்கிறது.

மந்திரத்தின் விலையைப் பற்றி ஒன்று. ஜெர்மானிய உளவியலாளரான எபிங்காஸ் 1885-இல் பொருளற்ற அசைகளைத் தாமே மனப்பாடம் செய்து, தம் மறதியைத் தாமே அளந்து, கற்றதில் பெரும்பகுதி முதல் சில மணி நேரத்திலேயே உதிர்ந்துவிடுகிறது, எஞ்சியது மெதுவாகவே தேய்கிறது என்று காட்டினார். அதைவிட உங்கள் கதைக்கு நெருக்கமானது 2000-இல் கரீம் நாடரும் உடன் பணியாற்றியவர்களும் எலிகளிடம் கண்டது. ஓர் ஒலியைக் கேட்டால் அஞ்சுமாறு பழக்கப்பட்ட எலிக்கு அந்த ஒலியை மீண்டும் கேட்கச் செய்து, அச்ச நினைவு எழுந்த உடனே மூளையில் புதிய புரதம் உருவாவதைத் தடுக்கும் மருந்தைச் செலுத்தினால், பிறகு அந்த அச்சமே பெரிதும் மங்கிவிட்டது. நினைவை எழுப்பாமல் மருந்தை மட்டும் செலுத்தினால் ஒன்றும் ஆகவில்லை. அதாவது நினைவு வெளியே எடுக்கப்படும் வேளையில் இளகுகிறது, மறுபடி இறுக வேண்டியிருக்கிறது. இதையே விலையாக வையுங்கள். கதைநாயகி எந்த நாளுக்குத் திரும்பிப் போகிறாளோ அந்த நாளின் நினைவு இளகிவிடுகிறது. தம்பியை மீட்டுக்கொண்டு வரும்போது அவன் முகத்தைத் தவிர அந்த நாளில் வேறு எதுவும் அவளிடம் எஞ்சுவதில்லை.

—

பதில்: மூன்றரை மீட்டர்

சுருக்கமாக ஒன்று. பின்னோக்கிச் செல்வது என்று எல்லாரும் எழுதுகிறீர்கள். சமணர் மலையிலிருந்து கீழடி வெகு தொலைவில் இல்லை. அங்கே காலம் பின்னால் கிடப்பதில்லை, கீழே கிடக்கிறது. 353 சென்டிமீட்டர் ஆழத்தில் கிடைத்த மாதிரியின் காலம் கி.மு. 580 என்று கரிமப் பகுப்பாய்வு காட்டியது. உங்கள் மாணவர்கள் குழியில் இறங்கட்டும். ஒவ்வொரு விரற்கடையிலும் எத்தனை ஆண்டு என்று தெரிந்து இறங்கட்டும். குழி வெட்டினால் மேல் அடுக்கு கலைந்துவிடும், கலைந்த அடுக்கை மறுபடி அடுக்க முடியாது என்பது அகழாய்வு செய்கிற எவருக்கும் தெரிந்த துயரம். தனியாக ஒரு விலையைத் தேட வேண்டியதே இல்லை.

—

கேள்வியாளரின் குறிப்பு: குயில்குடிக்காரி

மூவருக்கும் நன்றி. புளியும் பூச்சந்தையும் கட்டாயம் கதைக்குள் வரும். ஆனால் என் முதன்மையான கேள்வி இன்னும் அப்படியே நிற்கிறது. விலை என்ன என்று சொல்லிவிட்டீர்கள். சாட்சி யார் என்று சொல்லவில்லை. கடந்த காலம் மாற்றப்பட்டுவிட்டால், அது மாற்றப்பட்டது என்பதை மாற்றியவளைத் தவிர வேறு யாராவது கண்டுபிடிக்க முடியுமா? முடியாது என்றால் பல்கலைக்கழகம் எந்த அடிப்படையில் அவளைத் தண்டிக்கும்?

—

பதில்: வடக்கு மாசி வீதி

முடியும். அதற்கான விடை உங்கள் ஊரின் நடுவிலேயே இருக்கிறது.

மீனாட்சியம்மன் கோயிலைச் சுற்றியுள்ள வீதிகளை உள்ளிருந்து வெளியே எண்ணிப் பாருங்கள்: ஆடி வீதி, சித்திரை வீதி, ஆவணி மூல வீதி, மாசி வீதி. ஊரே மாதங்களால் சுற்றி வளைக்கப்பட்டிருக்கிறது. இப்போது சித்திரைத் திருவிழாவின் தேர் எந்த வீதியில் ஓடுகிறது? மாசி வீதிகளில். சித்திரையில் ஓடும் தேர் மாசி வீதியில் ஏன் ஓட வேண்டும் என்று நம்மில் எத்தனை பேர் நின்று யோசித்திருக்கிறோம்? பந்தலில் நீர்மோர் குடித்துவிட்டு வடத்தைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு வந்துவிடுகிறோம்.

திருக்கல்யாணமும் தேரும் முன்பு மாசியில் நடந்தன என்றும், திருமலை நாயக்கர் (1623–1659) காலத்தில் அவை சித்திரைக்கு மாற்றப்பட்டு அழகர் திருவிழாவோடு இணைக்கப்பட்டன என்றும் மதுரையில் வழங்கி வருகிறது. முன்பு அழகர் ஆற்றில் இறங்கியது தேனூரில் என்றும் சொல்வார்கள். இன்று அவர் மதுரையில் வைகையில் இறங்குகிறார். ஆயினும் மண்டூக முனிவருக்குச் சாப விமோசனம் கொடுக்க வண்டியூர்ப் பக்கம் அவர் எழுந்தருளுகிற மண்டபத்துக்குப் பெயர் தேனூர் மண்டபம்தான். அரசன் மாதத்தையே மாற்றினான், ஊரையே மாற்றினான்; வீதியின் பெயரையும் மண்டபத்தின் பெயரையும் மாற்ற யாருக்கும் தோன்றவில்லை. அவை அப்படியே கிடக்கின்றன, பார்க்கத் தெரிந்தவர்களுக்காக.

உங்கள் விதியும் இதுவாகவே இருக்கட்டும். காலத்தை மாற்றுகிறவர் நிகழ்ச்சியை மாற்றலாம், நிகழ்ச்சியைப் பற்றிய நினைவையும் மாற்றலாம். ஆனால் அந்த நிகழ்ச்சியால் பிறந்து, பிறகு காரணம் மறந்து, பழக்கமாகவே நின்றுவிட்ட எதையும் மாற்ற முடியாது. தம்பி உயிரோடு இருக்கிறான். ஆனால் அவனுடைய அம்மா ஒவ்வோர் அமாவாசையும் காகத்துக்கு ஒரு பிடி சோறு கூடுதலாக வைக்கிறாள், ஏன் என்று கேட்டால் அவளுக்கே தெரியவில்லை. அப்பா வைகைப் பாலத்தைக் கடக்கும்போது பேச்சை நிறுத்திக்கொள்கிறார். வீட்டில் ஒரு சுவரில் மாலை மாட்டுவதற்கென்று ஆணி அடித்திருக்கிறது, படம் மட்டும் இல்லை. பல்கலைக்கழகத்தில் இப்படிப்பட்ட எச்சங்களைப் படிப்பதற்கென்றே ஒரு துறை இருக்கட்டும். அந்தத் துறையினர் விசாரணைக்கு வந்தால் யாரையும் கேள்வி கேட்கமாட்டார்கள். அடுப்படியில் உட்கார்ந்து அம்மா சோறு வைப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

கதைநாயகிக்கு மட்டும் நினைவிருக்கிறது என்ற பழைய சிக்கலும் இதனால் தீர்ந்துவிடும். அவளுக்கும் நினைவிருக்கத் தேவையில்லை. தான் ஏதோ செய்திருக்கிறோம் என்பதை அவளும் எச்சங்களிலிருந்தே கண்டறியட்டும்.

—

பதில்: பத்தாம் தலைமுறை

வடக்கு மாசி வீதி அவர்கள் சொன்னது அழகாக இருக்கிறது, ஓட்டையும் இருக்கிறது. எச்சத்தை வைத்துத்தான் தீர்ப்பு என்றால், கெட்டிக்கார மாணவன் பொய் எச்சங்களை விதைத்துவிடுவான். இல்லாத தேருக்கு வீதிப்பெயர் சூட்டுவதும், இல்லாத சாவுக்கு ஆணி அடிப்பதும் பெரிய வித்தை அல்ல.

இதற்குப் பாண்டியர்கள் கண்ட வழியை வேள்விக்குடிச் செப்பேட்டில் பார்க்கலாம். நெடுஞ்சடையன் பராந்தகனின் மூன்றாம் ஆட்சியாண்டில், கொற்கைகிழான் நற்சிங்கன் கூடல் மாநகரில் அரசன் முன் நின்று முறையிடுகிறான். பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதி தன் முன்னோருக்குக் கொடுத்த வேள்விக்குடியைக் களப்பிரர் பறித்துக்கொண்டனர், அதைத் திருப்பித் தர வேண்டும் என்பது அவன் கோரிக்கை. பல நூற்றாண்டு இடைவெளி கொண்ட நினைவு அது. அரசன் முறுவலித்து, நாட்டாரைக் கொண்டு உன் பழமையை நிறுவிக்காட்டிப் பெற்றுக்கொள் என்கிறான். அவனும் காட்டினான், ஊரும் கிடைத்தது. உங்கள் பல்கலைக்கழகச் சட்டத்தின் முதல் விதியாக இதை எழுதுங்கள்: ஒற்றை ஆளின் நினைவு எவ்வளவு தெளிவாக இருந்தாலும் அது நினைவு ஆகாது, நாட்டார் கூடி ஒப்ப வேண்டும். எச்சத்துறை கண்டெடுத்ததையும் அந்தச் சபைக்கு முன்தான் வைக்க வேண்டும். ஒருவன் தனியாக விதைத்த பொய் எச்சம், அதனோடு தொடர்புடைய பத்து வீட்டின் பழக்கத்தில் ஒட்டாமல் துருத்திக்கொண்டு நிற்கும்.

மற்றொன்று. இந்தப் பல்கலைக்கழகத்துக்கு ஒரு பழைய காயமும் வேண்டும். அகப்பொருள் இலக்கண நூலான இறையனார் களவியலின் உரை அதைத் தயாராக வைத்திருக்கிறது. முச்சங்கங்களுக்கு 4440, 3700, 1850 ஆண்டுகள் என்று கணக்குச் சொல்லும் அதே உரை, பாண்டிய நாட்டைப் பன்னீரியாண்டு வற்கடம் பிடித்த கதையையும் சொல்கிறது. பஞ்சத்தில் காப்பாற்ற முடியாமல் அரசன் புலவர்களை வெளியே அனுப்பிவிட்டான். மழை பெய்து நாடு செழித்த பிறகு திரும்ப அழைத்தபோது எழுத்துக்கும் சொல்லுக்கும் யாப்புக்கும் ஆள் கிடைத்தார்கள், பொருளதிகாரம் வல்லார் ஒருவர்கூடக் கிடைக்கவில்லை. அரசன் வருந்தினான். இறைவனே அறுபது சூத்திரம் செய்து கொடுத்ததாகவும், சரியான உரை எது என்று உருத்திரசன்மன் என்ற ஊமைச் சிறுவன் கண்ணீர் வார்த்து, மெய்ம்மயிர் சிலிர்த்துத் தேர்ந்தெடுத்ததாகவும் கதை தொடர்கிறது. அப்படித் தேர்ந்த நக்கீரர் உரை அவர் மகன் கீரங்கொற்றனார், அடுத்துத் தேனூர்கிழார் என்று வாய்வழியாகப் பத்துத் தலைமுறை கடந்து முசிறியாசிரியர் நீலகண்டனார் வரை வந்தது என்று அந்த உரையே தன் வழியைச் சொல்கிறது. (என் புனைபெயர் இங்கிருந்து வந்ததுதான்.)

இதை வரலாறு என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் ஒரு மந்திரப் பல்கலைக்கழகத்துக்கு இதைவிடச் சிறந்த தோற்றக் கதையை உங்களால் புனைய முடியுமா? ஒரு துறை முழுவதும் ஆளோடு போய்விட்டது. ஏடு எரியவில்லை, பகைவர் வரவில்லை. சோறு இல்லாததால் போனது. ஆகவே உங்கள் பல்கலைக்கழகத்தில் நூலகத்தைவிட நெற்களஞ்சியம் பெரிதாக இருக்க வேண்டும். களஞ்சியத்தின் சாவியும் நூலகத்தின் சாவியும் ஒரே வளையத்தில் தொங்க வேண்டும்.

—

கேள்வியாளரின் குறிப்பு: குயில்குடிக்காரி

களஞ்சியத்தை மலையின் வடபுறத்தில் வைத்துவிட்டேன்; வரைபடத்தில் விடுதியைச் சற்று ஒதுக்க வேண்டியிருந்தது. எச்சத்துறையும் நாட்டார் சபையும் கதையின் இரண்டாம் பாதியைத் தாங்கும். மூன்றரை மீட்டர் அவர்களின் குழியை மட்டும் எடுத்துக்கொள்ளவில்லை. இறங்கிச் செல்வது, கிண்ணத்தைத் துலக்குவது என்று இரண்டு வழிகள் இருந்தால் மாணவர்கள் எளிய வழியையே தேடுவார்கள், பிறகு புளிக்கு மதிப்பிருக்காது. அவதானத்தைத் தேர்வாக வைக்காமல் நுழைவுத் தகுதியாக வைக்கிறேன். நூறு கவனம் உடையவர்கள் நிறைந்த சபையில் ஒருவரும் அடுப்படியைக் கவனிப்பதில்லை என்பது கதைநாயகிக்குச் சாதகமாக இருக்கும். அவள் சபையின் முன் நிற்கும் பகுதியை எழுதி முடித்ததும் இதே இழையில் போடுகிறேன். வேள்விக்குடிச் செய்தியில் நாட்டார் முன் என்ன சான்று காட்டப்பட்டது என்ற விவரத்தை யாரேனும் மூலத்தோடு எடுத்துத் தந்தால், விசாரணைக் காட்சியின் நடைமுறையை அதை ஒட்டியே அமைத்துக்கொள்வேன்.